கோதுமையைத் தின்னாத பைத்தியம்

அத்தியாயம் 7

தாரா மலை ஹோட்டலின் சாப்பாட்டு அறையில் ஞாயிற்றுக்கிழமை காலை எட்டு மணிக்கு மூன்று பேர் அழுதுகொண்டிருந்தார்கள். அவர்களில் நிஜமாக அழுதவள் துன்யா தேஷிச் ஒருத்திதான். மற்ற இருவரும் படக்கம்பெனியின் விளம்பரப் பிரிவு. கேமரா தங்கள் பக்கம் திரும்பும்போது மட்டும் மூக்கை உறிஞ்சினார்கள்.

துன்யாவின் கணவன் ஓக்னியென் நடிகன். பத்து நாளுக்கு முன் அவனை இந்த மலையில் ஒரு மரக்குடிலுக்குள் தனியாக விட்டுக் கதவைச் சாத்தினார்கள். போன் கிடையாது, கடிகாரம் கிடையாது. கொஞ்சம் மாவு, கொஞ்சம் கோதுமை, சர்க்கரை, விறகு, நாலு மூலையில் நாலு கேமரா. பனியில் சிக்கிய ஒருவன் பன்னிரண்டு நாள் எப்படி உயிர் பிழைக்கிறான், அவன் மனசு எப்படிக் கழன்றுகொள்கிறது என்பதுதான் படம். உளவியல் த்ரில்லராம். எழுதின வசனம் கிடையாது, எழுதின காட்சி கிடையாது. கதை எழுதும் சிரமத்தை இயக்குநர் வுகாஷின் பெலிச் இந்த விதமாக மிச்சம் பிடித்திருந்தார்.

ஒன்பதாம் நாள், அதாவது வெள்ளிக்கிழமை, ஓக்னியென் ஜன்னலை உடைத்துக்கொண்டு காணாமல் போனான். குடிலிலிருந்து கிளம்பிய காலடித் தடம் ட்ரினா ஆற்றுப் பள்ளத்தாக்கின் விளிம்பில் போய் நின்றுவிட்டது. மீட்புக் குழு நேற்றிலிருந்து பள்ளத்தாக்கைத் துழாவுகிறது. மாலை பனிப்புயல் வருவதால் மூன்று மணிக்குத் தேடலை நிறுத்தப்போகிறார்கள். அதற்கு மேல் தேடுவது சடலத்தைத்தான் என்று குழுத் தலைவர் துன்யாவிடம் நயமாகச் சொல்லிவிட்டுப் போயிருந்தார்.

ஆகவே துன்யா பெல்கிரேடிலிருந்து ஸோர்க்கா பெரிஷிச்சை வரவழைத்திருந்தாள். ஐம்பத்திரண்டு வயது, தனியார் துப்பறிவாளர். அதிகம் பேசமாட்டாள். அந்தக் குறையைத் தீர்க்க அவளிடம் காவ்ரிலோ என்றொரு உதவியாளன் இருந்தான். முப்பத்தெட்டு வயதுக்காரன். முன்பு நாடகக் கொட்டகையில் மேடைக்குப் பக்கவாட்டில் உட்கார்ந்து, நடிகர்கள் மறந்துபோன வசனத்தை எடுத்துக் கொடுக்கும் வேலை பார்த்தவன். எடுத்துக் கொடுத்ததில் சொந்தச் சரக்கும் கலந்ததால் வேலை போயிற்று.

"மனநல நிபுணரோட அறிக்கை இருக்காமே. அதைப் படிச்சுக் காட்டு," என்றாள் ஸோர்க்கா.

மூன்று பக்கம், ஆங்கிலத்தில். ஒன்பதாம் நாள் பதிவு காணோம் என்று சொல்லி, எட்டு நாள் பதிவை மட்டும் வெளிநாட்டு நிபுணர் ஒருவருக்கு அனுப்பி வாங்கியிருந்தார் இயக்குநர். போலீசுக்கும் மீட்புக் குழுவுக்கும் துன்யாவுக்கும் அதன் கடைசி வரியை மட்டும் மொழிபெயர்த்துச் சொல்லியிருந்தார். முழுமையான மனச்சிதைவு, தற்கொலை அபாயம் மிக அதிகம் என்பது அந்த வரி.

காவ்ரிலோ தொண்டையைக் கனைத்துக்கொண்டு ஆரம்பித்தான். "நாலாம் நாள். இல்லாத மணிச் சத்தம் கேக்குதாம். ஜன்னல்கிட்ட ஓடிப் போய் நிக்கிறார். ஒலிப்பதிவுல மணி எதுவும் இல்லை. ஏழாம் நாள். கோதுமையைக் கழுவி ஊறவைக்கிறார். எட்டாம் நாள். அதை வேகவெச்சு சர்க்கரை போட்டுப் பிசையறார். பயங்கரப் பசி, ஆனா ஒரு வாய் தின்னலை. வட்டமா ஒரு ரொட்டி சுடறார், மேல சிலுவை போடறார், அதையும் தின்னலை. சட்டைக்குள்ளேருந்து ஒரு சின்னப் படத்தை எடுத்து சுவத்துல சாய்ச்சு அதோட பேசறார். செத்துப்போன அப்பாவுக்கு ஒரு கோப்பை எடுத்து வைக்கிறார்." அவன் தாளைக் கீழே வைத்தான். "இதுல என்ன பாஸ் பைத்தியம்? எங்க வீட்டுல வருஷா வருஷம் டிசம்பர்ல இதேதான் நடக்குது. எங்கப்பா கோதுமை வேகவெச்சுட்டு நாயை விரட்டற மாதிரி எங்களை விரட்டுவார். அப்படிப் பாத்தா எங்க தெருவையே கட்டிப்போடணும்."

காபிக் கோப்பையை வாய்க்குக் கொண்டுபோன ஸோர்க்கா அதை அப்படியே திருப்பி வைத்தாள்.

"உன் வாயிலேருந்து வர்றது வருஷத்துக்கு ஒரு தடவை உபயோகப்படுது காவ்ரிலோ. இந்த வருஷக் கணக்கு முடிஞ்சுது," என்றவள் துன்யாவிடம் திரும்பினாள். "உங்க வீட்டு ஸ்லாவா என்னிக்கு?"

ஸ்லாவா என்பது ஒரு குடும்பத்தைக் காக்கும் புனிதருடைய நாள். அப்பனிடமிருந்து மகனுக்கு இறங்கும். நிலம் போகலாம், வீடு போகலாம், அது போகாது. முந்தின நாளே கோதுமை வேகவைத்து, தொடாமல் வைத்திருந்து, அன்றைக்குப் புனிதர் படத்தின் முன் செத்தவர்களை நினைக்க வேண்டும். வட்ட ரொட்டியை வீட்டுக்காரனும் வந்தவர்களும் கூடிப் பிடித்துச் சுற்றி வெட்ட வேண்டும். யாரையும் கூப்பிடுகிற வழக்கமில்லை. வந்த ஆள் எவனாக இருந்தாலும் வாசலில் நிறுத்துகிற வழக்கமும் இல்லை.

"புனித திரிஃபுன். பிப்ரவரி பதினாலு," என்றாள் துன்யா. சொல்லிவிட்டு அவளே வாயைப் பொத்திக்கொண்டாள். "வெள்ளிக்கிழமை."

"ஒன்பதாம் நாள்," என்றான் காவ்ரிலோ. அவன் குரலில் இப்போது கிண்டல் இல்லை.

"போன மே மாசம் மாமனார் போயிட்டார். இந்த வருஷம்தான் இவர் முதல் தடவையா வீட்டுத் தலைவரா நின்னு ரொட்டி வெட்டணும். அந்த ஒரு நாள் மட்டும் விடுங்கன்னு கேட்டார். கதையோட ஓட்டம் கெட்டுப்போகும்னு டைரக்டர் முடியாதுன்னுட்டார். ஒப்பந்தத்துல கையெழுத்து வாங்கி, முதல் நாளே பூட்ஸைக்கூட கழட்டி வாங்கிட்டாங்க, ஓடிப் போயிடக் கூடாதுன்னு. இதையெல்லாம் நான் யார்கிட்டயும் சொல்லக் கூடாதுன்னும் அதுல எழுதியிருக்கு."

"பூட்ஸை வாங்கிட்டாங்களா?" என்று ஸோர்க்கா மெல்லக் கேட்டாள்.

அந்த நேரம் பார்த்து வுகாஷின் பெலிச் உள்ளே வந்தார். தோளில் ஒரு சின்ன கேமரா, கழுத்தைச் சுற்றி இரண்டு சால்வை. தலை இடது தோளைப் பார்த்தபடி திருகி நின்றுவிட்டிருந்தது. யாரையாவது பார்க்க வேண்டுமென்றால் உடம்போடு சேர்த்துத் திரும்பினார். வலிக்குத் தடவிய ரக்கியாச் சாராய வாசனை கழுத்திலிருந்து வந்தது.

"குடிலுக்குப் போறீங்களாமே. நானும் வரேன். இது படத்தோட கடைசிப் பகுதி, விட முடியாது," என்றார். துன்யாவின் பக்கம் கேமராவைத் திருப்பி, "நீ இப்படியே இரும்மா, நல்லா வருது," என்று சேர்த்துக்கொண்டார்.

"கழுத்துக்கு என்ன சார்?" என்று காவ்ரிலோ கேட்டான்.

"காத்து பட்டுடுச்சு. வெள்ளிக்கிழமை முழுக்க பெல்கிரேட்ல எடிட்டிங் அறையிலதான் இருந்தேன். தகவல் தெரிஞ்சு நேத்துதான் வந்தேன்."

"எடிட்டிங் அறையில ஜன்னலே இருக்காதே சார்."

"கார்ல பட்டிருக்கும்," என்று சொல்லிவிட்டு இயக்குநர் உடம்போடு வேறு பக்கம் திரும்பினார்.

இந்த ஊர் ஆட்கள் கரடிக்குப் பயப்படமாட்டார்கள். மதுவைத் தண்ணீராகக் குடிப்பார்கள், புகையை மூச்சாக விடுவார்கள், டாக்டர் சொன்னால் சிரிப்பார்கள். ஆனால் எதிரெதிரே கதவும் ஜன்னலும் திறந்திருந்தால் பாய்ந்து போய் ஒன்றைச் சாத்துவார்கள். ஊடுகாற்று உள்ளே நுழைந்தால் கழுத்து பிடிக்கும், காது அடைக்கும், சிறுநீரகம் போகும் என்பது பால்குடி மறப்பதற்குள் அவர்களுக்குச் சொல்லிக் கொடுக்கப்படுகிற பாடம். தீப்பிடித்த வீட்டிலிருந்து ஓடினால்கூட ஒரு ஜன்னலைச் சாத்திவிட்டுத்தான் ஓடுவார்கள் என்று காவ்ரிலோ சொல்லுவான். அவனும் அதே ரகம்தான்.

பத்துக்கு இன்னும் கால்மணி இருக்கும்போது பனிவண்டி அவர்கள் நால்வரையும் குடில் வாசலில் இறக்கிவிட்டது. கதவுக்கு வெளிப்பக்கம் கட்டை விரல் கனத்துக்கு ஒரு தாழ்ப்பாள்.

"வெளியில எதுக்கு சார் தாழ்ப்பாள்? கரடி உள்ள வராம இருக்கவா?" என்று காவ்ரிலோ கேட்டான்.

"சிறைப்பட்ட உணர்வு. கதைக்கு அது தேவை."

உள்ளே நாற்காலி கவிழ்ந்து கிடந்தது. கட்டில் புரட்டப்பட்டிருந்தது. சுவரில் கரிக்கட்டையால் பெரிதாக ‘நிழல் என்னைக் கூப்பிடுகிறது’ என்று எழுதியிருந்தது. இயக்குநர் அதைக் கேமராவில் பிடித்தபடி, தனிமை மனிதனை எப்படித் தின்கிறது என்று தனக்குத் தானே முனகிக்கொண்டார்.

காவ்ரிலோ தலையைச் சாய்த்துப் பார்த்தான். "பைத்தியத்துக்கு நல்ல கலை ஞானம் பாஸ். வரி கோணலை. கேமராவுக்கு நேர் எதிர்ச் சுவரு. வெளிச்சம் விழற இடமாப் பாத்து எழுதியிருக்கு."

ஸோர்க்கா மேஜைக்குப் போனாள். மேஜையை விரலால் தடவினாள். வட்டமாக ஒரு மெழுகுத் தடம் இருந்தது. அடுப்புச் சாம்பலைக் கிளறினாள். வெந்த கோதுமை கருகிக் கிடந்தது, ஒரு கிண்ணம் நிறைய. யாரோ கொட்டியிருக்கிறார்கள். அலமாரியைத் திறந்தாள், கட்டிலுக்கு அடியில் குனிந்தாள்.

"ரொட்டி எங்க?" என்றாள்.

"என்ன ரொட்டி?" என்றார் இயக்குநர்.

"எட்டாம் நாள் சுட்ட வட்ட ரொட்டி. பசியில துடிச்சும் அவர் தொடாத ரொட்டி. ஒரு துணுக்கு, ஒரு பொடி இல்லை. பள்ளத்தாக்குல குதிக்கப் போறவன் ரொட்டியையும் கட்டிக்கிட்டுப் போவானா?"

"பைத்தியத்துக்கிட்ட நியாயம் கேக்கறீங்களே மேடம்."

"அதுவும் சரிதான்," என்று சொல்லிவிட்டு அவள் ஜன்னலருகே போனாள். கண்ணாடி உடைந்த சட்டம். அந்த ஓட்டையில் ஒரு தலையணையை உள்பக்கமிருந்து அழுத்தி, மூலைகளில் துணியைத் திணித்து, காற்று நுழையாதபடி அடைத்திருந்தது. "இதை யார் அடைச்சது? மீட்புக் குழுவா?"

"அவங்க எதையும் தொடலைன்னு வயர்லெஸ்ல சொன்னாங்க பாஸ்," என்றான் காவ்ரிலோ.

"அப்போ ஓக்னியென்தான். மனசு சிதைஞ்சு, நிழல் கூப்பிட்டு, ஜன்னலை உடைச்சு வெளிய குதிச்சார். குதிச்சவர் சுத்தி வந்து, தாழ்ப்பாளைத் திறந்து, உள்ள வந்து, ஊடுகாத்து வராம தலையணையை அடைச்சுட்டு, மறுபடி கதவைத் தாழ்போட்டுட்டு சாகப் போனார். ரொம்பப் பொறுப்பான பைத்தியம்."

இயக்குநரின் கேமரா கொஞ்சம் தாழ்ந்தது.

"இன்னொண்ணு," என்றாள் ஸோர்க்கா. "பள்ளத்தாக்கு வரைக்கும் போன தடம் பூட்ஸ் தடம். அவரோட அளவேதான், மீட்புக் குழு அளந்து பாத்திருக்கு. அவரோட பூட்ஸை முதல் நாளே நீங்க வாங்கிட்டீங்க. ஓக்னியென் வெறுங்காலோட ஒரு பக்கம் போயிருக்கார், அந்தத் தடத்தை விடியக்காலைப் பனி மூடிடுச்சு. பூட்ஸ் மட்டும் தனியா இன்னொரு பக்கம் போயிருக்கு. அந்த பூட்ஸுக்குள்ள இருந்த ஆளு வெள்ளிக்கிழமை இந்த அறையில ரொம்ப நேரம் இருந்திருக்கார். நாற்காலியைக் கவிழ்க்க, கட்டிலைப் புரட்ட, கோதுமையைக் கொட்ட, சுவத்துல எழுத, ஒன்பதாம் நாள் பதிவை உருவி எடுக்க நேரம் ஆகுமில்ல? உடைஞ்ச ஜன்னல், கீழ இடைவெளி விட்ட கதவு. ஊடுகாத்து பிச்சுக்கிட்டுப் போயிருக்கும். தலையணை ஞாபகம் வந்தது கொஞ்சம் லேட். கழுத்து அதுக்குள்ள பிடிச்சுக்கிச்சு."

மூன்று பேரும் வுகாஷின் பெலிச்சின் கழுத்தைப் பார்த்தார்கள். அவரால் முகத்தைத் திருப்பக்கூட முடியவில்லை.

அவர் அழப்போகிறார், இல்லை ஓடப்போகிறார் என்று எதிர்பார்த்த காவ்ரிலோ கதவை அடைத்துக்கொண்டு நின்றான். இயக்குநரோ சிரித்தார்.

"சரி, பிடிச்சுட்டீங்க. வெள்ளிக்கிழமை காலையில பக்கத்து லாட்ஜ்லேருந்து வந்தேன். ஆளு இல்லை, ஜன்னல் உடைஞ்சிருக்கு. கோவிச்சுக்கிட்டு வீட்டுக்குப் போயிட்டான்னு புரிஞ்சுது. போகட்டும்னு விட்டேன். எட்டு நாள் நான் எடுத்ததுல ஒருத்தன் அடுப்பு பக்கத்துல நிம்மதியா தூங்கறான், கோதுமை ஊறவைக்கிறான். இதை வெச்சு என்ன உளவியல் த்ரில்லர் எடுக்கறது? பயமே வரலை அவனுக்கு. முடிவையாவது நான் உண்டாக்க வேணாமா? நாலு நாள் பேப்பர்ல வரட்டும், அப்புறம் அவனே வெளிய வருவான்னு நினைச்சேன்." துன்யாவின் பக்கம் உடம்பைத் திருப்பினார். "நீயும் நல்லா ஒத்துழைச்சே. அந்த அழுகை அற்புதம். எந்த நடிப்புப் பள்ளியில படிச்சே?"

துன்யா அவரையே பார்த்தாள். அவளுக்குக் கோபம்கூட வரவில்லை. "அவர் வீட்டுக்கு வரலை," என்றாள்.

"சும்மா சொல்லாதே."

"வரலை. வெள்ளிக்கிழமை தனியா மெழுகுவத்தி ஏத்தி வெச்சுக்கிட்டு கதவையே பாத்துட்டு உக்காந்திருந்தேன். யாரும் வரலை."

சிரிப்பு அவர் முகத்தில் அப்படியே நின்று, மெல்ல வடிந்தது. பல வருடம் பயத்தைப் படமெடுத்த மனிதருக்கு அது எப்படி இருக்கும் என்று அப்போதுதான் தெரிந்ததோ என்னவோ, கவிழ்ந்த நாற்காலியைத் தானே நிமிர்த்தி உட்கார்ந்துவிட்டார். காவ்ரிலோவுக்கு அவரை அடிக்க வேண்டும் போலிருந்தது. வெறுங்காலோடு, இரண்டு நாள், இந்தப் பனியில் என்று நினைத்தவன் கடிகாரத்தைப் பார்த்தான். மணி பத்து. மூன்று மணிக்குத் தேடல் நிற்கும்.

ஸோர்க்கா ஜன்னலிலிருந்து தலையணையைப் பிடுங்கி எறிந்தாள். பனிக்காற்று முகத்தில் அறைந்தது. காவ்ரிலோ தன்னையறியாமல் கதவைச் சாத்தப் போனான்.

"அசையாதே," என்றாள் ஸோர்க்கா. "கேளு."

கீழே, பள்ளத்தாக்குக்கு நேர் எதிர்த்திசையில், ஊசியிலை மரங்களுக்கு அடியிலிருந்து ஒரு மணிச் சத்தம் வந்தது. சின்ன மணி. ஞாயிற்றுக்கிழமைப் பூஜை மணி.

"பாஸ், எனக்கு இல்லாத மணிச் சத்தம் கேக்குது," என்றான் காவ்ரிலோ.

"எனக்கும்தான். நாலாம் நாள் அவருக்கும் கேட்டுச்சு. அன்னிக்கும் ஞாயித்துக்கிழமை. ஸ்டாக்ஹோமோ எங்கேயோ உக்காந்திருக்கிற டாக்டருக்கு மைக்ல கேக்காததெல்லாம் மனப்பிரமை." அவள் வயர்லெஸ்ஸை அவனிடமிருந்து வாங்கினாள். "ரொட்டியைத் தனியா வெட்ட முடியாது. கூடப் பிடிச்சுச் சுத்த ஆளு வேணும். மணி இருக்கிற இடத்துல கோயில் இருக்கும், கோயில் இருந்தா வீடு இருக்கும். அப்பா செத்த முதல் வருஷம் ரொட்டியைச் சட்டைக்குள்ள வெச்சுக்கிட்டு அந்த மணியை நோக்கித்தான் போயிருக்கார்."

மீட்புக் குழுத் தலைவரிடம் இரண்டு வாக்கியத்தில் விஷயத்தைச் சொன்னாள். எதிர்முனையில் ஒரு கெட்ட வார்த்தை கேட்டது. பள்ளத்தாக்கின் அடியிலிருந்து ஏறி வர இரண்டு மணி நேரமாவது ஆகும், கூடவே போலீசையும் டாக்டரையும் கூட்டி வருகிறேன் என்றார்.

அந்தப் பக்கம் பனிவண்டி போகாது. இடுப்பளவு பனியில் நால்வரும் இறங்கினார்கள். துன்யாதான் முன்னால் போனாள். விழுந்தாள், எழுந்தாள், யார் கையையும் பிடிக்கவில்லை. இயக்குநர் கடைசியில், கேமராவை விடாமல். பாதி வழியில் வேலிக் கம்பியில் கம்பளித் துணிக் கிழிசல் ஒன்று தொங்கியது. குடில் கட்டிலில் பாதி கிழிந்து கிடந்த போர்வையின் அதே கட்டம். கொஞ்சம் தள்ளி, மரக்கிளை மறைத்துப் புதுப்பனி விழாத இடத்தில், பழுப்பாய் உறைந்த ரத்தம். துன்யா அதைப் பார்த்துவிட்டு ஓட ஆரம்பித்தாள்.

ஓஸோயே என்கிற அந்தக் குக்கிராமத்தில் ஒரு கோயிலும் மூன்று வீடுகளும் இருந்தன. ஒரு வீட்டில்தான் புகை. அதுவும் புகைபோக்கி வழியாகப் போகாமல் வாசல் வழியாகவும் ஜன்னல் வழியாகவும் போய்க்கொண்டிருந்தது. மூக்கு சிவந்த ஒரு பெருத்த பெண், சுமார் அறுபது வயது, வாசலில் நின்று முறத்தால் புகையை விரட்டிக்கொண்டிருந்தாள். ஸ்டாமெனா என்று பெயர் சொன்னாள். அவளைத் தாண்டி ஓடப்பார்த்த துன்யாவைக் கையை நீட்டித் தடுத்தாள்.

"பொண்டாட்டியா?"

துன்யா தலையாட்டினாள்.

"உசுரோட இருக்கான். பூட்ஸைக் கழட்டிட்டுப் போ, தரை ஈரமாகும்."

உள்ளறையில், புனித திரிஃபுன் படத்துக்குக் கீழே, ஓக்னியென் படுத்திருந்தான். இரண்டு காலும் முழங்கால்வரை துணிச் சுற்றில் இருந்தன. காய்ச்சலில் கன்னம் சிவந்திருந்தது. துன்யாவைப் பார்த்ததும், "ரொட்டி வெட்டிட்டேன்," என்றான். "கொஞ்சம் நசுங்கிப் போச்சு. ஆனா வெட்டிட்டேன்." அவள் அவன் நெஞ்சில் முகத்தை வைத்துக்கொண்டு பெரிய சத்தமாக அழுதாள். யாரும் அதைப் படமெடுக்கவில்லை.

காவ்ரிலோ கண்ணைத் துடைத்துக்கொண்டான். அடுப்புப் புகைதான் காரணம் என்று பிறகு சாதித்தான்.

ஸோர்க்கா வாயைத் திறப்பதற்குள் ஸ்டாமெனா ஒரு கிண்ணத்தையும் கரண்டியையும் நீட்டினாள். "முதல்ல கோதுமை எடு. அப்புறம் கேள்வி கேளு. இங்கயும் திரிஃபுன்தான். மூணு நாளைக்கு ஸ்லாவா வீடு."

ஸோர்க்கா ஒரு கரண்டி எடுத்து வாயில் போட்டு, சிலுவை போட்டுக்கொண்டாள். ஸ்டாமெனா அப்புறம் தானாகவே பேசினாள்.

"வெள்ளிக்கிழமை மத்தியானம் கதவைத் தட்டினான். கால்ல போர்வையைக் கிழிச்சுச் சுத்தியிருந்தான், சட்டைக்குள்ள ரொட்டி. திரிஃபுனுக்கு ரொட்டி வெட்டணும், கூடப் பிடிக்க ஆளிருக்கான்னு கேட்டான். கேட்டுட்டு விழுந்துட்டான். என் புருஷன் போயி ஆறு வருஷம். பக்கத்து ரெண்டு வீட்டுக்காரனும் குளிருக்கு ஊருக்குப் போயிடுவான். கோயில் மணியையும் நான்தான் அடிக்கிறேன், ரொட்டியையும் நானே பிடிச்சு நானே சுத்தி நானே வெட்டிக்கிட்டு இருந்தேன். இவனைக் கட்டில்ல சாய்ச்சு உக்காரவெச்சு ரெண்டு பேரும் பிடிச்சோம்." மூக்கை இடுப்பில் கட்டிய துணியில் துடைத்தாள். "போன் கம்பி விழுந்து ஒரு வாரம் ஆச்சு. நேத்து அந்தப் பக்கமா ஹெலிகாப்டர் சுத்துச்சு. மேஜைத் துணியை எடுத்துட்டுப் போயி ஆட்டினேன், ஆட்டினேன், கை போச்சு. பள்ளத்தாக்கையே பாத்துட்டுப் போயிட்டானுங்க. இவனுக்குக் கால்ல ரெண்டு விரல் கறுத்துப்போச்சு. நேத்தே பாத்திருந்தா அது தப்பிச்சிருக்கும்."

இரண்டு விரல்கள். காவ்ரிலோ வாசலைத் திரும்பிப் பார்த்தான்.

வுகாஷின் பெலிச் அங்கே நின்றுகொண்டிருந்தார். மூச்சு வாங்கியது. உள்ளே வரலாமா என்று தெரியாமல், திருகின கழுத்தோடு சுவரைப் பார்த்தபடி நின்றார்.

"இந்த ஆளை வெளியிலேயே நிறுத்துங்கம்மா," என்றான் காவ்ரிலோ. "பூட்ஸைப் பிடுங்கிக்கிட்டு உள்ள வெச்சுப் பூட்டினதும் இவர்தான். அந்த ஹெலிகாப்டரைப் பள்ளத்தாக்குக்கு அனுப்பினதும் இவர்தான்."

ஸ்டாமெனா இயக்குநரை மேலிருந்து கீழாக ஒரு தடவை பார்த்தாள். உள்ளறையை எட்டிப் பார்த்தாள். ஓக்னியென் கண்ணை மூடிக்கொண்டு சரியென்று தலையசைத்தான்.

"ஸ்லாவா வீட்டுக்கு வந்தவனை நிறுத்த முடியாது," என்றாள். "எவனா இருந்தாலும். வா, பூட்ஸைக் கழட்டு."

அவர் நன்றி சொன்னார். குனிய முடியாமல், சுவரைப் பிடித்துக்கொண்டு ஒவ்வொரு பூட்ஸாகக் கழற்றி வாசலில் வைத்துவிட்டு உள்ளே வந்தார். ஸ்டாமெனா அவரை முன்னறையில் ஒரு பெஞ்சில் உட்காரவைத்தாள். முன்னால் ஒரு தட்டு வைத்தாள். ஸ்லாவா, இறைச்சி தொடக் கூடாத வெள்ளிக்கிழமையில் வந்ததால் அன்றைக்கு விரத மீனும் பீன்ஸும்தான். இன்று சுட்ட பன்றி. தாராளமாகவே வைத்தாள்.

பெஞ்சுக்கு வலது பக்கம் திறந்த கதவு. இடது பக்கம் திறந்த ஜன்னல்.

"அம்மா, இந்த ஜன்னலைக் கொஞ்சம்..." என்று ஆரம்பித்தார் இயக்குநர்.

"அடுப்பு புகையுது. பனி புகைபோக்கியை அடைச்சிருக்கு. சாத்தினா மூச்சு முட்டும்," என்றாள் ஸ்டாமெனா. "நீ சாப்பிடு. வந்தவன் தட்டுல மிச்சம் வெச்சுட்டு எழுந்திருக்கக் கூடாது." ஸோர்க்காவையும் காவ்ரிலோவையும் பார்த்தாள். "நீங்க உள்ள வாங்க. மேஜை அங்கதான் போட்டிருக்கு. நோயாளிக்குக் காத்து ஆகாது, இந்தக் கதவை மட்டும் சாத்திடறேன்."

"நான் மட்டும் இங்க தனியாவா?" என்றார் இயக்குநர்.

"தனிமை சார். கதைக்கு அது தேவை," என்றான் காவ்ரிலோ. அவர் கையிலிருந்த கேமராவை மரியாதையாக வாங்கி, எதிரிலிருந்த அலமாரியில் வைத்து, அவர் முகம் சரியாக வருகிறதா என்று பார்த்து, ஓடவிட்டான். பிறகு வாசலுக்குப் போய் இயக்குநரின் பூட்ஸ் இரண்டையும் கையில் எடுத்துக்கொண்டு திரும்பினான். "இதுவும் தேவை."

"டேய், அதை எங்க எடுத்துட்டுப் போறே? போலீஸ் வர்ற வரைக்கும் நான் எப்படி..."

"ரெண்டு மணி நேரம்தான் சார். அவர் எட்டு நாள் இருந்தார்."

உள்ளறைக் கதவு சாத்திக்கொண்டது. உள்ளே கதகதப்பாக இருந்தது. ஸ்லாவா மெழுகுவர்த்தி அசையாமல் எரிந்தது. துன்யா கணவனின் கால்களைத் தன் மடியில் வைத்து, துணிச் சுற்றைக் கொஞ்சம் விலக்கி, கறுத்த இரண்டு விரலைத் தொடாமல் மற்ற எட்டையும் ஒவ்வொன்றாகத் தடவிக்கொடுத்தாள். ஓக்னியென் காவ்ரிலோவின் கையிலிருந்த பூட்ஸைப் பார்த்துவிட்டு, பத்து நாளில் முதல் தடவையாக, சத்தம் போட்டுச் சிரித்தான்.

முன்னறையிலிருந்து கதவைத் தட்டும் சத்தம் வந்தது. ஜன்னலையாவது சாத்துங்க என்று யாரோ கெஞ்சினார்கள்.

காவ்ரிலோ ரொட்டியைப் பிட்டு வாயில் போட்டுக்கொண்டான். "பாஸ், ஏதோ குரல் கேக்கற மாதிரி இருக்கு."

"அந்த அறிக்கையோட கடைசியில சேர்த்து எழுதிடு," என்றாள் ஸோர்க்கா. "இல்லாத குரல் கேக்குதுன்னு."

கோதுமைக் கிண்ணத்தை அவன் பக்கம் நகர்த்திவைத்தாள்.